தசைச்சிதைவு நோய்க் குறியீடு திரும்பி வரும்போது: அறிகுறி வாரியாகச் சரிசெய்யும் வழி

நிராகரிக்கப்பட்டுத் திரும்பும் கிளெய்ம்களை, அதாவது காப்பீட்டு நிறுவனத்துக்கு மருத்துவமனை அனுப்பும் பணக் கோரிக்கைகளை, பிரித்துப் பார்த்து, தவறு எங்கே என்று கண்டுபிடித்து மறுபடி அனுப்புவது என் வேலை. பரம்பரைத் தசை நோய்களுக்கான ஜி71 வரிசை அவற்றில் சிறு பங்குதான். ஆனால் அந்தச் சிறு பங்கில் ஒரே தவறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன. ஒவ்வொன்றின் பின்னாலும் சக்கர நாற்காலிக்கோ மருந்துக்கோ காத்திருக்கும் ஒரு குடும்பம் இருக்கிறது. இங்கே சொல்வது அமெரிக்கக் கிளெய்ம்களுக்கான ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க்குறியீட்டு நூல் பற்றியது. உங்கள் கையிலிருக்கும் கிளெய்மின் அறிகுறி எதுவோ, அந்தத் தலைப்புக்கு நேராகப் போய்விடுங்கள்.

அறிகுறி 1: "குறியீடு செல்லாது" என்று திரும்புகிறது

மறுப்புக் காரண எண் 146 என்று இருந்தால் பாதி விடை கிடைத்துவிட்டது: அந்தச் சேவைத் தேதியில் அந்தக் குறியீடு நடப்பில் இல்லை. பல நேரம் கிளெய்ம் காப்பீட்டு நிறுவனம் வரை போகாமல் இடையில் கிளெய்ம்களைச் சரிபார்த்து அனுப்பும் கிளியரிங் ஹவுசிலேயே நின்றுவிடும்.

இலக்கம் குறைகிறதா?

முதலில் இதைத்தான் பாருங்கள். ஜி71.0 என்று மட்டும் எழுதியிருப்பார்கள். 2018 அக்டோபர் 1 முதல் அது தலைப்பு மட்டுமே. அதைக் கிளெய்மில் போட முடியாது. அன்று அது நான்காகப் பிரிந்தது: வகை குறிப்பிடாதது ஜி71.00, டிஸ்ட்ரோஃபின் என்ற தசைப் புரதத்தின் மரபணுக் கோளாறால் வரும் டுஷேன் அல்லது பெக்கர் ஜி71.01, முகம், தோள், மேற்கைத் தசைகளைத் தாக்கும் ஃபேசியோஸ்கேப்புலோஹியூமரல் வகை ஜி71.02, பிற வகைகள் ஜி71.09.

இங்கே ஒரு வேண்டுகோள். கடைசியில் ஒரு பூஜ்யத்தை ஒட்டி ஜி71.00 என்று அனுப்பினால் கிளெய்ம் கடந்து போய்விடும். அப்படிச் செய்யாதீர்கள். குறிப்பைத் திறந்து வகை எழுதியிருக்கிறதா என்று பாருங்கள், பெரும்பாலும் எழுதியிருக்கும்.

சேவைத் தேதி எது?

இடுப்பு, தோள் தசைகளை முதலில் தாக்கும் லிம்ப் கர்டில் வகைகளுக்கான ஜி71.03 கிளை 2022 அக்டோபர் 1-இல்தான் வந்தது. 2018 அக்டோபர் முதல் 2022 செப்டம்பர் 30 வரை அவற்றின் இடம் ஜி71.09. பழைய கிளெய்மை இன்று திருத்தி அனுப்பினாலும் சேவை நடந்த நாளின் குறியீடுதான் வேண்டும். நீங்கள் உட்கார்ந்து திருத்தும் நாள் கணக்கில் வராது. உள்நோயாளி என்றால் மருத்துவமனையை விட்டுப் போன தேதியைப் பாருங்கள். செப்டம்பர் 28-இல் சேர்ந்து அக்டோபர் 3-இல் வீடு திரும்பியவருக்குப் புதிய ஆண்டின் பட்டியல்தான் பொருந்தும்.

ஏழு இடங்களையும் மென்பொருள் ஏற்கிறதா?

லிம்ப் கர்டில் வகைகளில், சார்க்கோகிளைக்கன் என்ற தசைப் புரதத்தின் குறைபாட்டுக் குறியீடுகள் ஜி71.0340, ஜி71.0341, ஜி71.0342, ஜி71.0349 என்று ஏழு இடங்கள் கொண்டவை. காயங்களுக்கான குறியீடுகளில் ஏழாவது இடத்தில் எழுத்து வருவதைப் பார்த்துப் பழகியவர்கள் இங்கே எண் வருவதைக் கண்டு, தட்டச்சுப் பிழை என்று நினைத்து வெட்டிவிடுகிறார்கள். மென்பொருளும் சில நேரம் வெட்டும். திரையில் தெரிவதை நம்பாமல், வெளியே போன மின்கோப்பில் அந்தக் குறியீட்டை எண்ணிப் பாருங்கள். அங்கே புள்ளி இருக்காது. எழுத்தும் எண்ணுமாக ஏழு இருக்க வேண்டும்.

வேறு நூலிலிருந்து வந்த குறியீடா?

உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 நூலில் ஜி71.0 முழுமையான குறியீடு. வேறு நாட்டு அறிக்கையிலிருந்து எடுத்தது இங்கே செல்லாததற்கு அதுவே காரணம். அங்கே அது பிழையும் அல்ல. 2022 ஜனவரி 1-இல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11-இல் டுஷேனுக்கு 8சி70.1, பெக்கருக்கு 8சி70.0 என்று தனித்தனி இடம் உண்டு. அதையும் அப்படியே தூக்கி வந்து இங்கே போட முடியாது.

எப்போது தொழில்நுட்பக் குழுவை அழைப்பது: மருத்துவரின் "அடிக்கடி பயன்படுத்துபவை" பட்டியலில் ஜி71.0 இன்னும் உட்கார்ந்திருந்தால் உடனே. அதை அங்கிருந்து எடுக்காதவரை நீங்கள் திருத்திக்கொண்டேயிருப்பீர்கள்.

அறிகுறி 2: கிளெய்ம் கடந்துவிட்டது, ஆனால் நோய் இன்னும் உறுதியாகவில்லை

இதற்கு மறுப்புக் கடிதம் வராது. பணமும் வந்துவிடும். அதனால்தான் இந்தப் பட்டியலில் என்னை அதிகம் உறுத்துவது இது.

ஒரு நான்கு வயதுச் சிறுவனின் பதிவு என் மேசைக்கு வந்தது. படி ஏறச் சிரமம், தரையிலிருந்து எழும்போது தொடையில் கையூன்றி எழுகிறான், ரத்தத்தில் சிகே என்ற தசை நொதியின் அளவு மிக அதிகம். வெளிநோயாளிக் குறிப்பின் கடைசி வரி: "டுஷேன் இருக்கலாம், மரபணுப் பரிசோதனைக்கு அனுப்புகிறேன்." குறியீடு: ஜி71.01. சில மாதங்கள் கழித்து வந்த அறிக்கையில் டிஸ்ட்ரோஃபின் மரபணுவில் ஒன்றுமில்லை. ஆல்ஃபா சார்க்கோகிளைக்கன் குறைபாடு இருந்தது. இரண்டும் சிறுவயதில் ஒன்றுபோலவே தோன்றும். ஆனால் அதற்குள் டுஷேன் என்ற சொல் அவனுடைய நோய்ப்பட்டியலில் ஏறி, அங்கிருந்து இதயநோய்ப் பிரிவுக்கும் இயன்முறைப் பிரிவுக்கும் நகலாகிப் போயிருந்தது. ஒவ்வொன்றாகப் போய் அழிக்க வேண்டியிருந்தது.

வெளிநோயாளியா, உள்நோயாளியா?

வெளிநோயாளிக் குறிப்பில் "இருக்கலாம்", "சந்தேகம்", "இல்லை என்று உறுதி செய்ய" என்ற சொற்கள் இருந்தால் அந்த நோயைக் குறியீடாகப் போடக் கூடாது. அன்று உறுதியாகத் தெரிந்தது எதுவோ அதைப் போடுங்கள்: சிகே உயர்வுக்கு ஆர்74.8, வளர்ச்சிப் படிநிலைத் தாமதத்துக்கு ஆர்62.0, உடல் முழுதும் தசை பலவீனத்துக்கு எம்62.81. உள்நோயாளி வீடு திரும்பும்போது "இருக்கலாம்" என்றே முடிந்திருந்தால் அமெரிக்க விதி அதை உறுதியான நோய்போலக் குறியிட அனுமதிக்கிறது. இந்த இரண்டு விதிகளையும் மாற்றிப் போட்டுக் குழம்புவதுதான் பெரும்பாலான பதிவுகளில் நடக்கிறது.

கல்லீரல் என்று போயிருக்கிறதா?

கல்லீரல் பரிசோதனையில் பார்க்கும் ஏஎல்டி, ஏஎஸ்டி நொதிகள் தசையிலிருந்தும் வெளியேறும். அவை உயர்ந்ததைப் பார்த்து ஆர்74.01 போட்டு, குழந்தையைக் கல்லீரல் மருத்துவரிடம் சுற்றவிட்ட பதிவுகள் உண்டு. அந்தக் குறியீடு தவறல்ல. ஆனால் அதே குறிப்பில் சிகே அளவும் இருந்து, அது உயர்ந்திருப்பதாக மருத்துவரே எழுதியிருந்தால் ஆர்74.8-ஐயும் சேருங்கள்.

தாய்க்கு மகனின் குறியீடு போயிருக்கிறதா?

நோய் மரபணுவைச் சுமக்கும் தாய்க்கு ஜி71.01 போட்டிருப்பார்கள். அறிகுறி எதுவும் இல்லாத சுமப்பாளர் என்றால் இசட்14.8. தசை பலவீனமோ இதயத் தசை நோயோ இருந்து, நோய் வெளிப்பட்ட சுமப்பாளர் என்று மருத்துவர் எழுதியிருந்தால்தான் வேறு பேச்சு. மகனுக்கு டுஷேன் என்பதாலேயே தாயைச் சுமப்பாளர் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு நோயாளிகளுக்கு மரபணு மாற்றம் புதிதாக நேர்ந்தது, தாயிடமிருந்து வந்ததல்ல. முடிவு வரும்வரை குடும்ப வரலாறு இசட்82.0 போதும். அடுத்த குழந்தை பற்றிய திட்டத்துக்காகத் தாய் பரிசோதனைக்கு வந்திருந்தால் இசட்31.430.

எப்போது மேலே அனுப்புவது: தவறான நோய்ப்பெயர் ஏற்கெனவே வேறு பிரிவுகளுக்குப் போயிருந்தால் உங்கள் கிளெய்மை மட்டும் திருத்துவது போதாது. மருத்துவர் குறிப்பைத் திருத்த வேண்டும், ஆவணப் பிரிவு நோய்ப்பட்டியலைத் திருத்த வேண்டும், வாங்கிய பணம் பற்றிச் சட்ட இணக்கப் பிரிவுக்குத் தெரிய வேண்டும். தனியாளாகச் சமாளிக்கப் பார்க்காதீர்கள்.

அறிகுறி 3: லிம்ப் கர்டில் வகையில் பெயரும் குறியீடும் பொருந்தவில்லை

இடுப்பையும் தோளையும் சுற்றிய தசைகள் முதலில் நலியும் இந்த வகைகளுக்கு இரண்டு பெயர்முறைகள் ஒரே நேரத்தில் புழங்குகின்றன. பழைய முறையில் ஓங்கு மரபு (மரபணுவின் ஒரு பிரதி மாறினாலே போதும்) வகைகள் 1, ஒடுங்கு மரபு (இரு பிரதிகளும் மாறியிருக்க வேண்டும்) வகைகள் 2. பின்னால் ஓர் ஆங்கில எழுத்து. 2018-இல் வெளியான ஐரோப்பிய நிபுணர் குழுவின் முறையில் எழுத்து முன்னால் வரும்: ஓங்கு மரபுக்கு டி, ஒடுங்கு மரபுக்கு ஆர், பின்னால் எண். மருத்துவர் பழைய பெயரை எழுதுவார், ஆய்வகம் புதிய பெயரை எழுதும். நடுவில் நாம்.

2டி-யா, டி2-வா?

இந்த ஒன்றை மட்டும் சுவரில் ஒட்டி வைத்துக்கொள்ளுங்கள். பழைய 2டி என்பது ஆல்ஃபா சார்க்கோகிளைக்கன் குறைபாடு, ஒடுங்கு மரபு, குறியீடு ஜி71.0341. புதிய டி2 என்பது டிஎன்பிஓ3 மரபணுவால் வருவது, ஓங்கு மரபு, குறியீடு ஜி71.031. ஓர் எழுத்தும் ஓர் எண்ணும் இடம் மாறினால் நோயே மாறிவிடுகிறது. மரபு வழி மாறுவதால் உடன்பிறந்தவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் சொல்லப்படும் ஆலோசனையும் மாறிவிடுகிறது.

மற்ற பெயர்களைப் பொருத்துவது

முதலில் பழைய, புதிய பெயர்கள், பிறகு குறைபாடுள்ள புரதம், கடைசியில் குறியீடு. 2ஏ அல்லது ஆர்1, கால்பெயின்-3: ஜி71.032. 2பி அல்லது ஆர்2, டிஸ்ஃபெர்லின்: ஜி71.033. 2இ அல்லது ஆர்4, பீட்டா சார்க்கோகிளைக்கன்: ஜி71.0342. காமா சார்க்கோகிளைக்கனும் (2சி, ஆர்5) டெல்டா சார்க்கோகிளைக்கனும் (2எஃப், ஆர்6) ஜி71.0349-இல் சேரும். 2எல் அல்லது ஆர்12, அனோக்டாமின்-5: ஜி71.035. எஃப்கேஆர்பி வகைக்கு (2ஐ, ஆர்9) தனி இடம் இல்லை, ஜி71.038-க்குப் போகும். பழைய எழுத்து வரிசையும் புதிய எண் வரிசையும் இணையாக ஓடுவதில்லை என்பதைக் கவனியுங்கள்: சி என்பது மூன்றாவது எழுத்து, ஆனால் 2சி ஆர்5 ஆகிவிட்டது, ஆர்3-ஆக வந்தது 2டி. மனக்கணக்கில் மாற்றினால் நிச்சயம் தவறும்.

கால்பெயின் என்றால் எப்போதும் 032-தானா?

இல்லை. கால்பெயின்-3 மரபணுவிலேயே ஓங்கு மரபு வடிவம் ஒன்று உண்டு, டி4. அது ஜி71.031. அறிக்கையில் மரபணுவின் பெயரோடு நிறுத்தாமல் மரபு வழியையும் படியுங்கள்.

எப்போது மருத்துவரைக் கேட்பது: குறிப்பில் ஒரு வகையும் மரபணு அறிக்கையில் வேறு வகையும் இருந்தால், அல்லது அறிக்கை "முக்கியத்துவம் தெளிவில்லாத மாற்றம்" என்று சொன்னால். அந்தச் சொற்றொடரை வைத்து வகையை முடிவு செய்வது மருத்துவரின், மரபணு ஆலோசகரின் வேலை.

அறிகுறி 4: "விவரம் போதாது" என்று ஆவணம் கேட்கிறார்கள்

ஜி71.00, ஜி71.039, ஜி71.9 ஆகியவை போன கிளெய்ம்களில் இது வரும். முதலில் முந்தைய வருகைகளின் குறிப்புகளைத் தேடுங்கள். அங்கே வகை இருந்தால் இன்றைய குறிப்பிலும் அதை எழுதித் தருமாறு கேளுங்கள். மரபணு அறிக்கை கையில் இருக்கிறது என்பதற்காக நீங்களே குறியீட்டை மாற்றக் கூடாது. நோயைச் சொல்ல வேண்டியவர் நோயாளியைப் பார்க்கும் மருத்துவர்.

கேள்வியை அனுப்பும் விதத்தில் நிறைய இருக்கிறது. "ஜி71.01 போடலாமா டாக்டர்?" என்று கேட்பது பதிலை ஊட்டிவிடுவது; தணிக்கையில் நிற்காது. நான் அனுப்பும் வடிவம் இது: "14-ஆம் தேதிக் குறிப்பில் 'தசைச்சிதைவு நோய்' என்று மட்டும் உள்ளது. 9-ஆம் தேதி மரபணு அறிக்கையில் டிஸ்ட்ரோஃபின் மரபணுவில் எக்ஸான் 48 முதல் 50 வரை நீக்கம் என்று உள்ளது. தங்கள் மருத்துவ முடிவின்படி நோயின் வகையைக் குறிப்பிட முடியுமா? டுஷேன், பெக்கர், வேறு வகை, தற்போது தீர்மானிக்க இயலாது." கடைசித் தேர்வை ஒருபோதும் விட்டுவிடாதீர்கள். மருத்துவர் அதைத் தேர்ந்தெடுத்தால் வகை குறிப்பிடாத குறியீடே சரியான குறியீடு. அதை வைத்துக்கொண்டு தலைநிமிர்ந்து மேல்முறையீடு செய்யலாம்.

அறிகுறி 5: சிகிச்சைக்கும் நோய்க்குறியீட்டுக்கும் பொருத்தமில்லை

மறுப்புக் காரண எண் 11. நோய் வேறு குடும்பத்தில் போய் உட்கார்ந்திருக்கிறது. தமிழில் சிந்திக்கும் நமக்கு இதில் கூடுதல் ஆபத்து: நாளிதழ்கள் டிஸ்ட்ரோஃபியையும் (தசையே சிதையும் பரம்பரை நோய்) அட்ரோஃபியையும் (தசை மெலிவது) "சிதைவு" என்ற ஒரே சொல்லால் எழுதுகின்றன. குறியீட்டு நூலில் அவை தொலைதூர ஊர்கள்.

அட்ரோஃபி என்று இருந்தால்

முதுகுத்தண்டு நரம்பணுக்களால் வரும் எஸ்எம்ஏ ஜி12-இல் இருக்கிறது: முதல் வகைக்கு ஜி12.0, இரண்டாவது, மூன்றாவது வகைகளுக்கு ஜி12.1. பயன்படுத்தாமல் கிடந்து மெலிந்த தசை எம்62.5. ஷார்கோ-மேரி-டூத் நரம்பு நோய், ஜி60.0.

டிஸ்ட்ரோஃபி என்றே இருந்தாலும்

மயோடோனிக் டிஸ்ட்ரோஃபியின் பெயரில் அந்தச் சொல் இருக்கிறது, ஆனால் அதன் இடம் ஜி71.11. ஜி71.09 போட்டுத் திரும்பியவற்றில் இதுவே அதிகம் என் கண்ணில் படுகிறது. பிறவி மயோபதிகள் (பிறவித் தசை நோய்கள்) ஜி71.2 கிளை, நெமலின் வகை ஜி71.21. போம்பே நோய் தசையைத் தாக்கினாலும் வளர்சிதை மாற்ற அத்தியாயத்தில், ஈ74.02. மருந்தால் வந்த தசை நோய் பரம்பரையே அல்ல, ஜி72.0, கூடவே எந்த மருந்து என்பதற்கான குறியீடு.

சோதிக்கும் வழி எளிது: அகரவரிசைப் பட்டியலில் நோயின் முழுப்பெயரைத் தேடுங்கள், பிறகு விரிவுப் பட்டியலில் போய்ச் சரிபாருங்கள். தேடல் பெட்டியில் முதலில் வருவதைச் சொடுக்கும் பழக்கம்தான் இந்தத் தவறின் வேர்.

அறிகுறி 6: குறியீடுகள் எல்லாம் சரி, வரிசை தவறு

சக்கர நாற்காலி, முதுகு வளைவு, சுவாசக் கருவி தொடர்பான கிளெய்ம்களில் பாருங்கள். சக்கர நாற்காலிச் சார்புக்கான இசட்99.3-இன் கீழ் "காரண நோயை முதலில் எழுதுக" என்று நூலே சொல்கிறது, தசைச்சிதைவு நோயை எடுத்துக்காட்டாகவும் தருகிறது. அது முதலிடத்தில் இருந்தால் மாற்றிப் போடுங்கள், வேலை முடிந்தது. வேறு நோயின் விளைவாக வந்த இதயத் தசை நோய்க்கான ஐ43-உம் முதலிடத்தில் வரவே கூடாது. நரம்புத்தசைக் காரணத்தால் வந்த முதுகு வளைவு எம்41.4 கிளையில் இருக்கிறது. அடிப்படை நோயையும் சேர்த்து எழுதுங்கள். நாள்பட்ட சுவாசச் செயலிழப்பு ஜே96.1, வென்டிலேட்டர் சார்பு இசட்99.11, நெடுநாள் ஸ்டீராய்டு இசட்79.52 ஆகியவை குறிப்பில் இருந்தும் விடுபட்டிருந்தால் சேருங்கள். இவை இல்லாமல் போனால், படுக்கையிலிருக்கும் இளைஞனும் ஓடியாடும் சிறுவனும் கிளெய்மில் ஒரே ஆளாகத் தெரிவார்கள்.

அறிகுறி 7: எல்லாம் சரி, மருந்துக்கு அனுமதி மட்டும் மறுக்கப்படுகிறது

காரண எண் 197 என்றால் முன் அனுமதி வாங்கவில்லை. 50 என்றால் மருத்துவத் தேவை நிரூபிக்கப்படவில்லை. இங்கே குறியீட்டை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்ப்பது வீண் வேலை, தவறான வேலையும்கூட. ஜி71.01 டுஷேனையும் பெக்கரையும் ஒரே கூடையில் போடுகிறது; மருந்தோ டுஷேனில் குறிப்பிட்ட சிலருக்கு மட்டும். அந்த இடைவெளியை ஆவணம்தான் நிரப்பும்.

எக்ஸான் எண்ணைப் பாருங்கள்

டிஸ்ட்ரோஃபின் மரபணுவில் 79 எக்ஸான்கள், அதாவது புரதத்துக்கான குறிப்பைத் தாங்கும் துண்டுகள். மருந்துகளில் எடெப்லிர்சென் 51-ஐத் தாண்டவைக்கும், கோலோடிர்சென், வில்டோலார்சென் இரண்டும் 53-ஐ, காசிமெர்சென் 45-ஐ. விண்ணப்பத்தில் நான் அடிக்கடி காணும் கோளாறு, "எக்ஸான் 51" என்று மொட்டையாக எழுதுவது. அது நீங்கிப்போன எக்ஸானா, தாண்ட வேண்டிய எக்ஸானா? 48 முதல் 50 வரை நீங்கிய சிறுவனுக்கு 51-ஐத் தாண்டும் மருந்து பொருந்தும். 51-ஆவது எக்ஸானே நீங்கியவனுக்குத் தாண்டுவதற்கு அங்கே எதுவும் இல்லை. இரண்டையும் தனித்தனி வரியில் எழுதச் சொல்லுங்கள்: நீங்கியவை எவை, எந்த எக்ஸானைத் தாண்டுவது பொருந்தும் என்று ஆய்வகமோ மருத்துவரோ சொல்கிறார்கள்.

அடுத்து இணைப்புகளைச் சரிபாருங்கள். மரபணு அறிக்கையின் எல்லாப் பக்கங்களும் போனதா? முதல் பக்கம் மட்டும் போய், நீக்க விவரம் இருந்த பக்கம் விடுபட்டு, இரண்டு முறை மறுக்கப்பட்ட விண்ணப்பத்தைப் பார்த்திருக்கிறேன். நடக்கும் திறன், மூச்சுத்திறன் அளவீடுகளுக்குத் தேதி இருக்கிறதா? குறிப்பில் டுஷேன் என்றும் விண்ணப்பத்தில் "டுஷேன்/பெக்கர்" என்றும் இருக்கிறதா? விண்ணப்பத்தைக் குறிப்போடு ஒத்துப்போகச் செய்யுங்கள்.

இவ்வளவும் சரியாக இருந்தும் மறுத்தால் நம் கைவேலை முடிந்தது. காப்பீட்டு நிறுவனத்தின் மருத்துவரோடு சிகிச்சை தரும் மருத்துவர் நேரடியாகத் தொலைபேசியில் பேச வேண்டும். அதற்கான கெடுத் தேதி மறுப்புக் கடிதத்திலேயே இருக்கும்; கடிதம் வந்த அன்றே அதை மருத்துவரின் நாட்குறிப்பில் ஏற்றி, மரபணு அறிக்கையின் அந்தப் பக்கத்தை மேலே வைத்துக் கோப்பைக் கொடுத்துவிடுங்கள்.